நெல்லையும் பாளையும்: இரட்டை நகரை இரண்டு நாட்களில் முறையாகப் பார்ப்பதற்கான முழுமையான வழிகாட்டி

திருநெல்வேலிக்கு வெளியூரிலிருந்து வருபவர்களில் பெரும்பாலோர் நெல்லையப்பரைக் கும்பிட்டு, அல்வா வாங்கிக்கொண்டு, கிடைத்த ரயிலில் ஊர் திரும்பிவிடுகிறார்கள். பாளையங்கோட்டைத் தேவாலயங்களைப் பார்ப்பதற்கென்றே வருபவர்கள் பெரும்பாலும் ஆற்றைக் கடந்து டவுனுக்குள் வருவதில்லை. இரண்டு தரப்பினரும் பாதி ஊரைத்தான் பார்க்கிறார்கள். தாமிரபரணியின் ஒரு கரையில் ரத வீதிகள் சூழ்ந்த கோயில் நகரமும், மறுகரையில் கும்பினிப் படை தங்கிய கோட்டையும் மிஷன் பள்ளிகளும் இருக்கின்றன. கீழை மரபும் மேலை மரபும் இங்கே எப்படி ஒன்றுக்குள் ஒன்று இறங்கின என்பது, இரண்டு கரைகளையும் ஒரே நாளில், சரியான வரிசையில் பார்த்தால்தான் புலப்படும்.

அந்த வரிசையையும், ஒவ்வொரு படிக்கும் உரிய காரணத்தையும், புதிதாக வருபவர்கள் தடுமாறும் இடங்களையும் கீழே எழுதியிருக்கிறேன்.

1. கிழமையையும் மாதத்தையும் முதலில் முடிவு செய்யுங்கள்

சனி, ஞாயிறு என்ற இரண்டு நாட்களே இந்தப் பயணத்துக்கு ஏற்றவை; அதிலும் சனிக்கிழமையை இரட்டை நகருக்கும் ஞாயிற்றுக்கிழமையைக் கிராமப்புறத் தேவாலயங்களுக்கும் ஒதுக்க வேண்டும். நகரத் தேவாலயங்களில் வார நாட்களிலும் அலுவலகமோ காவலரோ இருப்பார்கள், கேட்டால் வழி பிறக்கும். கிராமங்களில் வார நாட்களில் கதவு பூட்டியிருப்பதே வழக்கம். சாவி வைத்திருப்பவர் வயலுக்கோ கடலுக்கோ போயிருப்பார். ஞாயிறு காலையில் ஆராதனைக்காகக் கதவு தானாகத் திறந்திருக்கும்.

அரசு அருங்காட்சியகத்தையும் பார்க்க விரும்புபவர்கள், அது வெள்ளிக்கிழமைகளிலும் மாதத்தின் இரண்டாம் சனிக்கிழமையிலும் மூடியிருக்கும் என்பதைக் கணக்கில் கொள்ள வேண்டும்.

மாதங்களில் ஜனவரியும் பிப்ரவரியும் சிறந்தவை. சித்திரை, வைகாசி வெயிலில் பாளையின் அகன்ற சாலைகளில் நடப்பது கடினம். ஐப்பசி முதல் மார்கழி முற்பகுதி வரை வடகிழக்குப் பருவமழை பெய்யும். 2023 டிசம்பரில் தாமிரபரணி கரைபுரண்டு ஜங்ஷன் பகுதியே நீரில் மூழ்கியதை நெல்லைக்காரர்கள் மறக்கவில்லை. அந்த மாதங்களில் வருவதாக இருந்தால் முந்தைய நாள் வானிலை அறிவிப்பைப் பார்த்துவிட்டுப் புறப்படுவது நல்லது.

திருவிழாக் காலத்தில் வரலாமா என்று பலர் கேட்கிறார்கள். ஆனித் தேரோட்டத்தின்போது ஊரின் உயிர் தெரியும். ஆனால் கோயிலின் சிற்பங்களை நின்று பார்க்க இடம் கிடைக்காது. பாளையில் புரட்டாசி, ஐப்பசியையொட்டி வரும் தசராவில் ஆயிரத்தம்மன் முதலிய அம்மன்களின் சப்பரங்கள் இரவெல்லாம் வீதி சுற்றும். தேவாலயங்களுக்குப் பெயர்பெற்ற ஊரின் மற்றொரு முகம் அது. முதல் முறை வருபவர்கள் திருவிழா இல்லாத நாளில் இடங்களைப் பார்த்துவிட்டு, இரண்டாம் முறை திருவிழாவுக்கு வருவதையே நான் பரிந்துரைப்பேன்.

2. உடையும் கைப்பொருளும்

ஒரே நாளில் கோயிலுக்கும் தேவாலயத்துக்கும் போவதால், இரண்டுக்கும் பொருந்தும் உடை வேண்டும். ஆண்களுக்கு வேட்டி அல்லது முழுக்கால் சட்டை, பெண்களுக்குச் சேலை அல்லது துப்பட்டாவுடன் சுடிதார் போதும். அரைக்கால் சட்டையோடு வந்து கோயில் வாசலில் தடுக்கப்படுபவர்களை அடிக்கடி பார்க்கிறேன்.

கழற்றி மாட்ட எளிதான செருப்பு அவசியம். இங்குள்ள பல தேவாலயங்களிலும் செருப்பை வெளியே விட்டுத்தான் உள்ளே போவார்கள். வாசலில் செருப்புகள் வரிசையாகக் கிடந்தால் அதுவே உங்களுக்கான அறிவிப்பு. தண்ணீர்ப் போத்தல், குடை, உண்டியலுக்கும் ஆட்டோவுக்கும் சில்லறை ஆகியவற்றுக்கு மேல் எதுவும் தேவையில்லை.

3. தங்குமிடம்

ஜங்ஷன் பக்கத்திலோ வண்ணார்பேட்டையிலோ தங்குங்கள். டவுன் ஒரு பக்கமும் பாளை மறுபக்கமும் இருப்பதால், நடுவில் தங்கினால் இரண்டுக்கும் நகரப் பேருந்து உடனுக்குடன் கிடைக்கும். வெளியூர்ப் பேருந்துகள் நிற்கும் வேய்ந்தான்குளம் புதிய பேருந்து நிலையம் ஊருக்குச் சற்று வெளியே இருக்கிறது. அங்கே இறங்கியவுடன் அருகிலேயே அறை எடுத்துவிடுபவர்கள் இரண்டு நாளும் ஆட்டோவுக்கே செலவழிக்கிறார்கள்.

4. காலையில் டவுனிலிருந்து தொடங்குங்கள்

முதல் படி டவுன்தான். நெல்லையப்பர் கோயில் நண்பகலுக்குப் பிறகு நடை சாத்தப்பட்டு மாலையில்தான் திறக்கும். காலையில் பாளைக்குப் போய்விட்டு மதியம் டவுனுக்கு வருபவர்கள் மூடிய கதவின் முன் நிற்க நேரிடும். ஏழு மணிக்குள் கோயிலுக்குள் இருந்தால், கூட்டம் சேர்வதற்குள் சுவாமி சந்நிதியையும் அம்மன் சந்நிதியையும் நிதானமாகத் தரிசிக்கலாம்.

சுவாமி கோயிலும் காந்திமதியம்மன் கோயிலும் தனித்தனியாக இருந்தவை; 1647ஆம் ஆண்டில் வடமலையப்ப பிள்ளையன் கட்டிய சங்கிலி மண்டபமே இரண்டையும் இணைக்கிறது. ஆகவே சுவாமி கோயிலை முடித்துவிட்டு வெளியே போய் மீண்டும் அம்மன் வாசல் வழியாக நுழைய வேண்டியதில்லை. மண்டபத்தின் வழியாகவே நடந்து செல்லுங்கள். நடக்கும்போது இருபுறத் தூண்களையும் பாருங்கள், அங்கே விரைந்து கடப்பதுதான் பலரும் செய்யும் பிழை.

மணிமண்டபத்தில் ஒரே கல்லில் பல சிறு தூண்களாகச் செதுக்கிய இசைத்தூண்கள் இருக்கின்றன. அவற்றைத் தட்டிப் பார்க்கக் கூடாது. நூற்றாண்டுகளாக விரலும் நாணயமும் பட்டுப் பட்டுக் கல் தேய்கிறது. ஒலி கேட்க வேண்டுமென்ற ஆசையை அடக்கிக்கொண்டு, கண்ணால் பார்த்து வருவதே அந்தச் சிற்பிகளுக்கு நாம் செய்யக்கூடிய மரியாதை. நடராசரின் ஐந்து சபைகளுள் ஒன்றான தாமிரசபை இங்கேதான் இருக்கிறது; தனியாகக் கேட்டுப் போகாவிட்டால் தவறவிட்டுவிடுவீர்கள். கைப்பேசி, படம் எடுத்தல் பற்றிய அறிவிப்புப் பலகையை நுழையும்போதே படித்து அதன்படி நடந்துகொள்ளுங்கள்.

வெளியே வந்ததும் நான்கு ரத வீதிகளையும் ஒரு சுற்று நடந்து பாருங்கள். தேர் திரும்புவதற்காகவே அகலமாக விடப்பட்ட அந்தத் திருப்பங்களைப் பார்த்து வைத்துக்கொள்வது மறுநாள் கடற்கரைக் கிராமங்களில் பயன்படும். அதற்கான காரணத்தை ஒன்பதாம் பகுதியில் சொல்கிறேன்.

5. பாலத்தை நடந்தே கடக்க வேண்டும்

டவுனிலிருந்து பேருந்தில் ஜங்ஷன் வந்து இறங்குங்கள். பாளைக்குப் போகும் அடுத்த பேருந்தில் ஏறிவிடாமல், சுலோசன முதலியார் பாலத்தை நடந்து கடப்பது இந்த வழிகாட்டியில் யாரும் விடக் கூடாத படி.

1843இல் திறக்கப்பட்ட இந்தப் பாலம், லண்டனில் தேம்ஸ் ஆற்றின் மேல் அன்றிருந்த வாட்டர்லூ பாலத்தின் மாதிரியில் கட்டப்பட்டது. கட்டியதற்கான செலவை ஏற்றவர் அக்காலத்தில் ஆட்சியர் அலுவலகத்தில் சிரஸ்தாராக (தலைமை அலுவலராக) இருந்த சுலோசன முதலியார். பாலம் வருமுன் நெல்லைக்கும் பாளைக்கும் நடுவே பரிசலையும் படகையும் நம்பித்தான் மக்கள் ஆற்றைக் கடந்தார்கள். வெள்ளம் வந்தால் இரண்டு ஊரும் இரண்டு தீவுகள். லண்டன் பாலத்தின் வடிவம், தமிழ் அதிகாரி ஒருவரின் சொந்தப் பணம், பொதிகையிலிருந்து இறங்கும் ஆறு ஆகிய மூன்றும் ஓரிடத்தில் சேர்ந்திருப்பதைப் பார்த்துவிட்டுப் பாளைக்குள் நுழைந்தால், அங்கே காணப்போகும் எதுவும் அந்நியமாகத் தோன்றாது.

பாலம் பின்னாளில் அகலப்படுத்தப்பட்டதால், மேலே நின்று பார்ப்பவர்களுக்கு அது போக்குவரத்து நெரிசல் மிகுந்த ஒரு சாதாரணப் பாலமாகவே தெரியும். "இதில் பார்க்க என்ன இருக்கிறது?" என்று கேட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். வளைவுகளைப் பார்க்கக் கொக்கிரகுளம் பக்கம் ஆற்றங்கரைக்கு இறங்க வேண்டும். பழைய தூண்களும் அரைவட்ட வளைவுகளும் அங்கிருந்துதான் முழுமையாகத் தெரியும். ஆற்றில் நீர்வரத்து மிகுந்திருக்கும் நாளில் மட்டும் இறங்காதீர்கள்.

6. பாளையில் சிறியதை முதலில், உயரமானதைப் பிறகு

வண்ணார்பேட்டையிலிருந்து பாளைக்குப் போகும் வழியில் முருகன்குறிச்சியில், ஊசிக் கோபுரம் என்று ஊரார் சொல்லும் தூய திரித்துவப் பேராலயம்தான் முதலில் கண்ணில் படும். அங்கே உடனே இறங்கிவிடத் தோன்றும், இறங்காதீர்கள். உயரமான கோபுரத்தை முதலில் பார்த்தவர்கள், அடுத்துப் பார்க்கும் சிறிய ஆலயத்தை ஒரு பார்வையில் கடந்துவிடுகிறார்கள். பாளைக்குள் சென்று, பழையதிலிருந்து புதியதற்குத் திரும்பி வாருங்கள். மாலையில் டவுனுக்குத் திரும்பும் வழியிலேயே முருகன்குறிச்சி இருப்பதால் அலைச்சலும் அதிகமாகாது.

அ. கோட்டை வாசல். பாளையங்கோட்டை என்ற பெயரில் உள்ள கோட்டை இன்று பெரும்பாலும் இல்லை. அதன் மேற்கு வாசலின் எஞ்சிய பகுதியை ஊரார் மேடைப் போலீஸ் ஸ்டேஷன் என்று சொல்வார்கள், "கோட்டை எங்கே?" என்று கேட்பதைவிட அந்தப் பெயரைச் சொல்லிக் கேட்டால் உடனே வழிகாட்டுவார்கள். 1799 அக்டோபர் 16 அன்று கட்டபொம்மன் கயத்தாற்றில் தூக்கிலிடப்பட்ட பிறகு அவருடைய தம்பி ஊமைத்துரை சிறை வைக்கப்பட்டதும், 1801 பிப்ரவரியில் தப்பியதும் இந்தக் கோட்டையிலிருந்துதான். மேற்கு இங்கே வந்தது பள்ளிக்கூடத்தோடு மட்டுமல்ல, பீரங்கியோடும்தான் வந்தது என்பதை நினைவில் கொண்டு அடுத்த இடத்துக்குப் போக வேண்டும் என்பதற்காகவே இதை முதலில் வைத்திருக்கிறேன்.

ஆ. குளோரிந்தா ஆலயம். ஊரார் இதைப் பாப்பாத்தியம்மாள் கோயில் என்றும் சொல்வார்கள். தஞ்சாவூர்ப் பக்கத்துப் பிராமண விதவை ஒருவர் 1778இல் ஜெர்மானிய மிஷனரி சுவார்ட்ஸ் ஐயரிடம் ஞானஸ்நானம் பெற்றுக் குளோரிந்தா என்ற பெயரை ஏற்றார். அவர் பாளையில் கட்டிய ஆலயம் 1785இல் பிரதிஷ்டை செய்யப்பட்டது. திருநெல்வேலிச் சீமையின் சீர்திருத்தத் (புராட்டஸ்டன்ட்) திருச்சபைக்கு முதல் ஆலயத்தை எழுப்பியவர் ஒரு தமிழகப் பெண் என்பதைப் புதிதாக வருபவர்கள் பலர் அறியாமல், இதையும் வெள்ளைக்காரர் கட்டியதாகவே எண்ணிக்கொண்டு போகிறார்கள். அளவில் எளிய கட்டடம்தான். ஆனாலும் அரை மணி நேரமாவது இங்கே ஒதுக்குங்கள்.

இ. தூய திரித்துவப் பேராலயம். இதுவே ஊசிக் கோபுரம். 1820இல் பாளைக்கு வந்த ஜெர்மானிய மிஷனரி ரேனியஸ் ஐயரின் காலத்தில், 1826இல் பிரதிஷ்டை செய்யப்பட்டது. வெளியே நின்று கோபுரத்தைப் பார்த்துப் படம் எடுத்துக்கொண்டு திரும்பிவிடுவது வழக்கமான பிழை. உள்ளே போய்ச் சுவர்களில் பதித்திருக்கும் நினைவுக் கற்களைப் படிக்க வேண்டும். ஊரின் இருநூறு ஆண்டு வாழ்வு அவற்றில் இருக்கிறது.

நேரமிருந்தால் கத்தோலிக்கரின் தூய சவேரியார் பேராலயத்தையும் பாருங்கள். பாளையின் பழைய பள்ளிகளும் கல்லூரிகளும், குறிப்பாகச் சாராள் தக்கர் கல்லூரியும் பார்வையற்றோர், செவித்திறன் குறைந்தோருக்கான பள்ளிகளும், இன்றும் இயங்குகின்றன. அவை சுற்றுலா இடங்கள் அல்ல. சாலையிலிருந்து பாருங்கள், உள்ளே போக வேண்டுமானால் அலுவலகத்தில் முறையாகக் கேளுங்கள்.

7. தேவாலயத்தில் கேட்கும் முறையும் நடந்துகொள்ளும் முறையும்

கதவு பூட்டியிருந்தால் அசைத்துப் பார்க்காமல், வளாகத்தில் இருப்பவரிடம் "அண்ணாச்சி, வெளியூர்ல இருந்து வாறோம், கோயில் பாக்கணும், யார்ட்ட கேக்கணும்?" என்று கேளுங்கள். இங்கே கிறிஸ்தவர்களும் தேவாலயத்தைக் கோயில் என்றே சொல்வார்கள். அந்தச் சொல்லைப் பயன்படுத்தினால் தயக்கம் குறையும். சி.எஸ்.ஐ. (தென்னிந்தியத் திருச்சபை) சபையில் குருவானவரை "ஐயா" என்றும், கத்தோலிக்கப் பங்குத்தந்தையை "சாமி" அல்லது "ஃபாதர்" என்றும் அழைப்பது வழக்கம். கிராமங்களில் குருவானவர் பல ஊர்களைக் கொண்ட சேகரத்துக்குப் பொறுப்பாக இருப்பதால் பெரும்பாலும் ஊரில் இருக்க மாட்டார். ஊர்ச் சபையைக் கவனித்துக்கொள்ளும் உபதேசியாரைக் கேளுங்கள், சாவி யாரிடம் இருக்கிறது என்பது அவருக்குத் தெரியும்.

ஆராதனை நடக்கும்போது உள்ளே சுற்றிப் பார்க்கக் கூடாது. உட்காருவதானால் கடைசி வரிசையில், முடியும் வரை உட்காருங்கள். ஆண்கள் ஒரு பக்கமும் பெண்கள் ஒரு பக்கமுமாக உட்காரும் பழக்கம் பல ஊர்களில் நீடிக்கிறது. குடும்பமாக வருபவர்கள் முதலில் கவனித்துவிட்டு உட்கார வேண்டும். பீடத்தைச் சுற்றியுள்ள கிராதியைத் தாண்டக் கூடாது என்பதைக் குழந்தைகளுக்கு முன்கூட்டியே சொல்லி வையுங்கள்.

ஆராதனையில் இருக்க நேர்ந்தால் பாட்டைக் கவனியுங்கள். ஐரோப்பிய மெட்டில் அமைந்த ஞானப்பாட்டு முடிந்ததும், ராகமும் தாளமும் குறித்த கீர்த்தனை தொடங்கும். கட்டடங்களில் தெரிவதைவிட ஆழமான கலப்பு அந்த இடத்தில்தான் நடந்திருக்கிறது என்பது என் எண்ணம்.

8. மாலையில் மீண்டும் டவுன்

அல்வாவைக் காலையில் தேடாதீர்கள். கீழ ரத வீதியில் கோயிலுக்கு எதிரே உள்ள இருட்டுக்கடை மாலையில்தான் திறக்கும். போட்டது தீர்ந்ததும் மூடிவிடுவார்கள். திறப்பதற்குச் சற்று முன்பே வரிசையில் நின்றால் ஏமாற்றம் இராது. சம்பா கோதுமைப் பாலில் கிண்டிய அல்வா என்பதால் சூடாகத் தின்ன ஒரு சிறு அளவும், ஊருக்கு எடுத்துப்போகத் தனியாகவும் வாங்குங்கள். சூடு ஆறுவதற்குள் மூடிப் பையில் அடைத்தால் வேர்த்து, பதம் கெடும்.

9. இரண்டாம் நாள்: ஒரே சுற்றாகக் கடற்கரை வரை

மறுநாளுக்கு வாடகைக் கார் அவசியம். பேருந்திலும், ஸ்ரீவைகுண்டம், ஆழ்வார்திருநகரி, நாசரேத் வழியாகத் திருச்செந்தூர் போகும் ரயிலிலும் சில இடங்களை எட்டலாம். ஆனால் கிராமங்களுக்கு இடையே பேருந்துக்குக் காத்திருப்பதிலேயே நாள் போய்விடும்.

வரிசை இது: நெல்லையிலிருந்து நாசரேத், மெஞ்ஞானபுரம், மணப்பாடு, உவரி, இடையன்குடி, திசையன்விளை, நாங்குநேரி வழியாக மீண்டும் நெல்லை. இந்தச் சுற்றில் போன வழியே திரும்ப வேண்டியதில்லை. தூத்துக்குடியை இதில் சேர்க்காதீர்கள். 1713இல் திறக்கப்பட்ட பனிமய மாதா ஆலயத்துக்கும் பழைய துறைமுக வீதிகளுக்கும் தனியாக ஒரு நாள் வேண்டும்; சேர்த்தவர்கள் எல்லா இடத்திலும் பத்து நிமிடம் நின்று ஓடியதையே கண்டிருக்கிறேன்.

மெஞ்ஞானபுரத்துக்குக் காலை ஆராதனை முடியும் வேளையில் போய்ச் சேருமாறு புறப்படுங்கள். வேல்ஸ் நாட்டிலிருந்து வந்த ஜான் தாமஸ் ஐயர் எழுப்பிய தூய பவுலின் ஆலயத்தின் கோபுரம் 192 அடி உயரம். பனையும் செம்மணல் தேரியும் சூழ்ந்த நிலத்தில் அது வெகுதொலைவிலிருந்தே தெரியத் தொடங்கும். ஆராதனை முடிந்து மக்கள் வெளியே வரும் அந்த அரை மணி நேரம்தான் கதவும் திறந்திருக்கும், விளக்கிச் சொல்ல ஆளும் கிடைக்கும்.

மணப்பாட்டில் கலப்பு வேறு வகையானது. முத்துக்குளித்துறையின் பரதவர்கள் 1530களில் போர்த்துகீசியர் காலத்தில் கத்தோலிக்க மறையை ஏற்றவர்கள்; பிரான்சிஸ் சவேரியார் 1542இல் இங்கே வந்தார். மணற்குன்றின் மேலுள்ள திருச்சிலுவை ஆலயம் 1581ஐச் சேர்ந்தது. உச்சிவெயிலில் மணல் கொதிக்கும். பதினொரு மணிக்குள் ஏறி இறங்கிவிட வேண்டும் என்பதால்தான் மெஞ்ஞானபுரத்தில் அதிக நேரம் தங்கக் கூடாது. சவேரியார் தங்கிய குகைக்குப் பாறை வழியாக இறங்கும்போது வழுக்கும், முதியவர்களைக் கைபிடித்து அழைத்துச் செல்லுங்கள்.

இந்தக் கடற்கரையில் திருவிழா கொடியேற்றத்தோடு தொடங்கும். மாதாவும் புனிதர்களும் சப்பரத்தில் வீதி வருவார்கள். தெருக்கள் அதற்கேற்ப அமைந்திருப்பதை நெல்லை ரத வீதிகளைச் சுற்றிவிட்டு வந்தவர்கள் உடனே கண்டுகொள்வார்கள். முதல் நாள் அந்தச் சுற்று நடையை விட்டுவிட வேண்டாம் என்று சொன்னது இதற்காகத்தான்.

உவரியில் அந்தோனியார் கோயிலும் சுயம்புலிங்க சுவாமி கோயிலும் அருகருகே இருக்கின்றன; மதிய உணவுக்கும் இளைப்பாறவும் ஏற்ற இடம். சிவன் கோயில் மதியம் சாத்தியிருக்கும் என்பதால், இரண்டையும் பார்க்க விரும்புபவர்கள் மணப்பாட்டில் தாமதிக்காமல் வர வேண்டும்.

கடைசியாக இடையன்குடி. கால்டுவெல் ஐயர் 1841இல் இங்கே வந்து, திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணத்தை 1856இல் வெளியிட்டவர். அவர் கட்டத் தொடங்கிய தூய திரித்துவ ஆலயம் முடிய முப்பது ஆண்டுகளுக்கு மேலாகி, 1880இல்தான் பிரதிஷ்டையானது. உள்ளூர்க் கொத்தனார்களுக்கு ஐரோப்பிய வளைவின் வடிவம் புரிய வேண்டும் என்பதற்காக அவர் களிமண்ணில் மாதிரி செய்து காட்டினார் என்று ஊரார் சொல்வார்கள்; வாசல், சன்னல் வளைவுகளை அருகில் சென்று பார்த்தால் அந்தக் கைவேலையின் நேர்த்தி தெரியும். 1891இல் கொடைக்கானலில் மறைந்த அவருடைய உடல் இந்த ஆலயத்துக்குள்தான் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறது. அவர் வாழ்ந்த வீடு அரசு நினைவில்லமாக இருக்கிறது. ஆலயத்துக்கு முன்பாக வீட்டைப் பாருங்கள், ஏனெனில் நினைவில்லத்துக்கு மூடும் நேரம் உண்டு, ஆலயத்துக்கோ உபதேசியாரைக் கேட்டால் மாலையிலும் கதவு திறக்கும்.

நான்கு மணிக்குள் இடையன்குடியை விட்டுப் புறப்பட்டால் திசையன்விளை, நாங்குநேரி வழியாக இருட்டுவதற்குள் நெல்லை வந்துவிடலாம். ஞாயிறு இரவு சென்னை ரயில்களில் இடம் கிடைப்பது அரிது. திரும்பும் பயணச்சீட்டை வரும்போதே முன்பதிவு செய்துவிடுங்கள்.